ரோடபாவின் ஏழு ஜனவரிகள்

1998 ஜனவரி 11, ஞாயிற்றுக்கிழமை, நெப்ராஸ்கா மாநிலத்தின் ஓமஹா நகரில் நடந்த அமெரிக்கன் ஃபுட்பால் கான்ஃபரன்ஸ் சாம்பியன் ஆட்டத்தில் ஓமஹா 23, டோலிடோ 20. ஆட்டம் முடிய முப்பத்தொரு வினாடி இருந்தபோது டோலிடோவின் குவாட்டர்பேக், அதாவது பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துபவர், மெரிட் ரோடபா எறிந்த பந்தை ஓமஹாவின் தற்காப்பு வீரர் பிடித்தார்.

அது ரோடபாவின் ஆறாவது கான்ஃபரன்ஸ் சாம்பியன் ஆட்டம். லீக்கின் இரண்டு பாதிகளிலும் கடைசியாக மிஞ்சும் இரண்டிரண்டு அணிகள் ஜனவரியில் மோதும். வென்றவர்கள் கோப்பைக்கான ஆட்டத்துக்குப் போவார்கள். தோற்றவர்கள் வீட்டுக்குப் போவார்கள். பதினாறு ஆண்டுகள் ஆடிய ரோடபா ஏழு முறை அந்த வாசல் வரை போனார். ஒரே ஒரு முறை உள்ளே நுழைந்தார், அந்த ஆண்டு கோப்பை ஆட்டத்தில் தோற்றார். மற்ற ஆறு முறையும் வீடுதான்.

டோலிடோவில் அவர் பெயர் வினைச்சொல்லாகி வெகு காலமாகிறது. வாசல் வரை வந்து மளிகைப் பை கிழிந்து முட்டை உடைந்தால், "ரோடபா பண்ணிட்டேன்" என்பார்கள். திருமணத்துக்கு நாள் குறித்தபின் பெண் மனம் மாறினால் மாப்பிள்ளையைப் பற்றியும் அதையே சொல்வார்கள். வெள்ளிக்கிழமைகளில் ஏரி மீன் பொரிக்கும் மதுக்கடைகளில் அவர் ஆட்டத்தை ஒருநாளும் பார்த்திராத இளைஞர்கள்கூடச் சொல்கிறார்கள். அந்தச் சொல் ஒரு மனிதரின் பெயர் என்பதும், அவர் பத்து மைல் தள்ளி மௌமி ஆற்றங்கரையில் குடியிருக்கிறார் என்பதும் அவர்களில் பாதிப் பேருக்குத் தெரியாது.

லொரெய்ன் கபுஸ்டா அந்த ஏழு ஆட்டங்களையும் நேரில் பார்த்தவர். டோலிடோ நாளிதழில் முப்பத்தெட்டு ஆண்டுகள் அணியைப் பற்றி எழுதினார். வீரர்களுக்கு அவர் மிஸ் கே. ஏழில் இரண்டு தோல்விகளை ரோடபாவே தேடிக்கொண்டார் என்பதில் அவருக்குச் சந்தேகமில்லை. அப்போதே அப்படித்தான் எழுதினார். ஒன்றில் பனிப்புயல். ஒன்றில் தற்காப்பு வரிசை கடைசிக் கால்மணி நேரத்தில் மூன்று முறை ஓட்டையானது. ஒன்றில் உதைப்பவர் உதைத்த பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. மிச்சம் ஓமஹா.

ஓமஹாவைப் பற்றி அவர் எழுதாமல் விட்ட ஒன்று உண்டு.

அந்தக் கடைசி எறிதலில், பந்தைப் பிடிக்க ஓடுகிறவர் முதலில் பன்னிரண்டு கஜம் நேராக ஓட வேண்டும். எதிரணியின் பின்காவலில் இருவர் நின்றால் உள்பக்கம் திரும்ப வேண்டும். ஒருவர் நின்றால் நேராகவே தொடர வேண்டும். குவாட்டர்பேக்கும் அதே காவலைப் பார்த்து அதே முடிவுக்கு வருவார். ஓடுகிறவர் திரும்பும்வரை அவர் காத்திருக்க முடியாது. திரும்பப்போகும் இடத்துக்கு முன்னதாகவே எறிந்துவிட வேண்டும். இருவரில் ஒருவர் தப்பாகப் பார்த்தாலும் பந்து ஆளில்லாத இடத்துக்குப் போகும். எழுபதாயிரம் பேருக்குத் தெரிவதெல்லாம், எறிந்தவர் எதிரியின் கையில் எறிந்தார் என்பது மட்டுமே. யார் தப்பாகப் பார்த்தார் என்பது அந்த இருவருக்கும், மறுநாள் படம் போட்டுப் பார்க்கும் பயிற்சியாளருக்கும் தெரியும். வெளியே பேசும் வழக்கமில்லை. ஆட்டம் முடிந்ததும் குவாட்டர்பேக் மேடையேறி ஒலிவாங்கிகளின் முன்னால் நின்று "என் தப்பு" என்பார். லீக்கில் எல்லாக் குவாட்டர்பேக்கும் அப்படித்தான். ரோடபாவும் ஓமஹாவில் அதைத்தான் சொன்னார்.

மறுநாள் திங்கட்கிழமை டோலிடோ பயிற்சிக் கூடத்தில் வீரர்கள் தங்கள் அலமாரிகளைக் காலிசெய்தார்கள். கடைசி ஆட்டம் தோற்ற மறுநாள் எல்லோரும் காலணி, புகைப்படம், பற்பசை எல்லாவற்றையும் கறுப்புக் குப்பைப் பைகளில் திணித்துத் தோளில் போட்டுக்கொண்டு போவார்கள். ஆல்டன் தார்ப் இரண்டு பைகளோடு தன் வண்டியருகே நின்றிருந்தான். ஓமஹாவில் அந்தப் பந்தைப் பிடிக்க ஓடியவன். வயது இருபத்தாறு. இரவெல்லாம் தூங்காத கண்கள். லொரெய்ன் குறிப்பேட்டைத் திறக்கப் போனார்.

"அதை மூடுங்க, மிஸ் கே. பேப்பருக்கு இல்ல."

அவர் மூடினார்.

"நான் உள்ள திரும்பியிருக்கணும். பின்னாடி ரெண்டு பேரு நின்னானுங்க. எனக்கு ஒருத்தன்தான் தெரிஞ்சான். மெரிட் சரியாத்தான் எறிஞ்சாரு. நானா இருந்தா இந்நேரம் ஊருக்கே சொல்லியிருப்பேன். அவரு என் பக்கம் திரும்பிக்கூடப் பாக்கல." அவன் பைகளை வண்டிக்குள் எறிந்தான். "இதை எழுதமாட்டீங்கல்ல?"

"எழுதமாட்டேன்."

"யாருகிட்டயும் சொல்லவும் மாட்டீங்க?"

"சொல்லமாட்டேன், ஆல்டன்."

அந்த ஆண்டு அவன் ஒப்பந்தம் முடியும் ஆண்டு. வசந்தத்தில் டோலிடோ அவனோடு ஐந்தாண்டுகளுக்குப் புது ஒப்பந்தம் போட்டது.

தார்ப் பின்னாளில் பெரிய ஆளானான். ரோடபா எறிந்ததில் எழுநூற்றுப் பன்னிரண்டு பந்துகளைப் பிடித்தான். ஓய்வுபெற்றதும் தொலைக்காட்சிக்குப் போனான். நல்ல பல்வரிசை, நல்ல நகைச்சுவை. சிறந்த வீரர்களுக்குச் சிலை வைத்துப் போற்றும் ஃபுட்பால் புகழ்க்கூடத்துக்கு முதல் முயற்சியிலேயே தேர்வானான். ஒவ்வொரு ஜனவரியும் கான்ஃபரன்ஸ் ஆட்டங்களுக்கு முந்தைய வாரம் அவன் நிகழ்ச்சியில் பழைய குவாட்டர்பேக்குகளின் கணக்கைப் போடுவார்கள். ரோடபாவின் படமும் கீழே ஒரு வெற்றி, ஆறு தோல்வி என்பதற்கு 1–6 என்ற எண்ணும் வரும்போது தார்ப் தலையில் கைவைத்துக்கொள்வான். "என் அருமை மெரிட்! டிசம்பர்வரைக்கும் தெய்வம். ஜனவரி பொறந்துட்டா போதும், ஆள எங்கன்னு தேடணும்." பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்கள் சிரிப்பார்கள்.

புகழ்க்கூடத்துக்கு ரோடபாவின் பெயர் 2006 முதல் போய்க்கொண்டிருந்தது. ஒன்பது முறை கடைசிச் சுற்றுவரை வந்து விழுந்தது. 2025தான் அவருக்குக் கடைசி ஆண்டு. அதற்குமேல் பெயர் பழைய வீரர்களின் பெரும்பட்டியலுக்குப் போய்விடும். அங்கிருந்து யாராவது மீண்டு வருவது அபூர்வம். தேர்வுக் குழுவில் ஐம்பது பேர். பெரும்பாலும் பத்திரிகையாளர்கள், ஏற்கெனவே தேர்வான முன்னாள் வீரர்கள் சிலர். நாற்பது வாக்கு வேண்டும். ஒவ்வொரு வீரருக்காகவும் அவருடைய ஊர்ப் பத்திரிகையாளர் எழுந்து ஐந்து நிமிடம் பேசவேண்டும். டோலிடோவுக்கு லொரெய்ன். முன்னாள் வீரர்களில் ஒருவன் ஆல்டன் தார்ப்.

கூட்டத்துக்கு ஐந்து நாள் முன்பு, வியாழக்கிழமை மதியம், லொரெய்ன் ரோடபாவின் வீட்டுக்குப் போனார். அவர் கராஜில் கவிழ்த்த வாளிமேல் உட்கார்ந்து, ஏரியில் பனிக்கட்டியைத் துளைத்து மீன் பிடிக்கும் குட்டைத் தூண்டில்களுக்கு நரம்பு சுற்றிக்கொண்டிருந்தார். அறுபத்தொரு வயது. வலக்கைப் பெருவிரல் மடங்காது. நரம்பின் நுனியைப் பல்லால் பிடித்துக்கொண்டிருந்தார்.

"வாங்க, மிஸ் கே. என் சாவுச் செய்தி எழுதி முடிச்சாச்சா?"

"பாதி. மீதிய நீ சொன்னாத்தான்."

"சுருக்கமா எழுதுங்க. ஆளு வந்தாரு, தோத்தாரு, மீன் புடிச்சாரு."

உள்ளிருந்து அவர் மனைவி இலோனா கதவைத் திறந்தாள். டோலிடோவின் கிழக்குக் கரை ஹங்கேரியத் தெருவில் பிறந்தவள். ஆத்திரம் வந்தால் குரல் இறங்குமே தவிர ஏறாது. "லொரெய்ன், உள்ள வந்துடு. குளிருல இந்த ஆளு ஜோக்கு வேற கேக்கணுமா?"

சமையலறை மேசைமேல் ஒரு படிவமும் தையல் அளவு நாடாவும் கிடந்தன. கடைசிச் சுற்றுக்கு வந்தவர்கள் மேலங்கிக்கான அளவை முன்கூட்டியே அனுப்ப வேண்டும். தேர்வானால் புகழ்க்கூடத்தின் அங்கி தைப்பதற்காக.

"பத்தாவது தடவையா அளக்கிறேன்" என்றாள் இலோனா. "மொதல் தடவை நெஞ்சு நாப்பத்திநாலு. இப்ப நாப்பத்தொம்போது. இவரு உள்ள போறதுக்குள்ள அந்தத் தையக்காரனுக்குத் துணி பத்தாமப் போயிடும்."

அடுப்பில் மிளகாய்த்தூள் போட்ட கோழி கொதித்தது. மூவரும் உட்கார்ந்தார்கள். லொரெய்ன் நேராகவே ஆரம்பித்தார்.

"மெரிட், அந்த அறையில எல்லாரும் ஒரே கேள்விதான் கேப்பாங்க. ஒன்னு–ஆறு. அதுல ஆறு பேரு, ஏழு பேரு ஓமஹாவ மட்டும்தான் கேப்பாங்க. அந்தப் பந்து சரியாப் போயிருந்தா நீ கோப்பை ஆட்டத்துல இருந்திருப்ப. ரெண்டு–அஞ்சுன்னா அது வேற கதை. ஓமஹாவுல ஆல்டன் உள்ள திரும்பியிருக்கணும், இல்லையா?"

ரோடபா ரொட்டியைக் கிழித்துக் குழம்பில் தோய்த்தார். "யார் சொன்னா?"

"நான் கேக்குறேன்."

"என் கை. நான் எறிஞ்சேன். எதிரி புடிச்சான். இதுல திரும்புறதுக்கு என்ன இருக்கு?"

"நான் சொல்லட்டுமா?" என்றாள் இலோனா. "கீழ் ரூம்ல அந்தப் படத்தை நாப்பது தடவை போட்டுப் பாத்திருக்காரு. பந்து போற எடத்துல நிறுத்தமாட்டாரு. அதுக்கு முன்னாடி, ஆல்டன் நேரா ஓடுறான் பாரு, அங்க நிறுத்துவாரு. நிறுத்திட்டு எந்திரிச்சுப் போயிடுவாரு. ஒரு வார்த்தை என்கிட்ட சொன்னதில்ல. ஆனா எனக்குக் கண்ணு இருக்கு."

"இலோனா."

"என்ன இலோனா? அவன் டிவில உன்னைக் காட்டிக் காட்டிச் சிரிக்கிறான். உன் பேத்தி ஸ்கூல்ல பசங்க அவகிட்ட 'ரோடபா பண்ணாத'ன்னு சொல்றாங்க. அவ பேரே ரோடபா!"

ரோடபா கோழியெலும்பைத் தட்டின் ஓரத்தில் வைத்தார். "இங்க பாருங்க, மிஸ் கே. மத்தவனைக் கை காட்டுற குவாட்டர்பேக்குக்கு அப்புறம் யாரும் ஓடமாட்டான். அவ்ளோதான் இந்தத் தொழில்."

"யாரு ஓடணும் இப்ப?" என்றாள் இலோனா. "பதினோரு பேரும் முட்டி ஆபரேஷன் பண்ணிக்கிட்டு வீட்ல உக்காந்திருக்கானுங்க."

"நீங்க அந்த அறையில அப்படிச் சொன்னீங்கன்னா," ரோடபா லொரெய்னைப் பார்த்தார், "என்கிட்ட ஃபோன் போட்டுக் கேப்பாங்க. பொய்னு சொல்லுவேன். அதோட நீங்க பொய்க்காரி ஆயிடுவீங்க. நான் இருபத்தேழு வருஷம் கழிச்சுக் கூட ஆடினவனை மாட்டிவிட ஆள் அனுப்பினவன் ஆயிடுவேன். ஒரு ஓட்டு விழாது. சொல்லணும்னா ஒருத்தன்தான் சொல்லமுடியும். சொல்லணும்னு அவனுக்கா தோணணும்."

கூட்டம் நடக்கும் அறையை லொரெய்ன் பதினான்கு ஆண்டுகளாக அறிவார். ரோடபா சொன்னது சரி. சாக்குச் சொல்லும் குவாட்டர்பேக்கை அங்கே யாருக்கும் பிடிக்காது.

வாசலில் இலோனா அவர் கோட்டைப் பிடித்துக் கொடுத்தாள். "உனக்குத் தெரியும்" என்றாள். "கேக்கும்போது உன் மூஞ்சியப் பாத்தேன். அவன் உன்கிட்ட சொல்லியிருக்கான்."

லொரெய்ன் கோட்டின் பொத்தான்களைப் போட்டார்.

"சரி. ஆல்டன்கிட்டப் பேசு. அவனையே சொல்லவை. இவரு வேணாம்பாரு. நேத்து ராத்திரி அளவெடுக்கையில மூச்ச இழுத்துப் புடிச்சிக்கிட்டு நின்னாரு, தெரியுமா? சின்னதாத் தெரியணுமாம்."

செவ்வாய்க்கிழமை காலை, கூட்டம் நடக்கும் கொலம்பஸ் நகர ஹோட்டலின் சிற்றுண்டிக் கூடத்தில் தார்ப் வாப்பிள் அடுக்கின்மேல் பாகு ஊற்றிக்கொண்டிருந்தான். லொரெய்னைப் பார்த்ததும் எழுந்து இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டான்.

"மிஸ் கே! உங்களுக்கு மட்டும் வயசு ஏறவே ஏறாதா? என்னைப் பாருங்க, மேக்கப் இல்லாம வெளிய வந்தா எங்க வீட்டு நாயே குரைக்குது."

"உக்காரு, ஆல்டன். ஒரு விஷயம்."

"மெரிட் விஷயம்தானே? என் ஓட்டு அவனுக்குத்தான். இதைக்கூடக் கேக்கணுமா?"

"ஓட்டு ஒன்னு. எனக்கு நாப்பது வேணும். போன வருஷம் முப்பத்தாறு. நாலு பேரு மனசு மாறணும்." அவர் நாற்காலியை நெருக்கி இழுத்துக்கொண்டார். "அந்தத் திங்கக்கிழமை வண்டிப் பக்கத்துல நின்னு என்கிட்ட ஒன்னு சொன்ன. ஞாபகம் இருக்கா?"

தார்ப் ஒரு வாய் மென்று விழுங்கினான். "அன்னைக்கு என்னென்னமோ பேசியிருப்பேன். பச்சப்புள்ள."

"நீ உள்ள திரும்பியிருக்கணும்னு சொன்ன."

"மெதுவா, மிஸ் கே." கூடத்தைச் சுற்றிப் பார்த்தான். யாரும் கவனிக்கவில்லை. "அதைப் பேப்பருக்கு இல்லன்னு சொன்னேன்."

"ஆமா. அதான் இருபத்தேழு வருஷமா என்கிட்டயே இருக்கு. இன்னைக்கு ரெண்டுல ஒன்னு பண்ணு. நான் சொல்றதுக்கு அனுமதி குடு. இல்ல, நீயே சொல்லு. அந்த அறையில பேசுறது வெளிய போகாது, உனக்குத் தெரியும். முப்பது செகண்டு. 'அது என் தப்பு, அவரு சரியாத்தான் எறிஞ்சாரு.' நீ ஏற்கெனவே உள்ள இருக்க. உன் சிலையை யாரும் தூக்கிட்டுப் போயிடமாட்டாங்க."

தார்ப் சிரித்தான். பிறகு முள்கரண்டியைக் கீழே வைத்தான். பாகு வாப்பிளின் ஓரத்தில் வழிந்து தட்டில் தேங்கியது.

"அவன் உங்ககிட்ட கேட்டானா?"

"பொய்னு சொல்லுவேன்னு மெரட்டினான்."

"அதான் மெரிட்." தார்ப் தலையாட்டினான். அவன் கண் உண்மையாகவே கலங்கியது என்றே லொரெய்னுக்குத் தோன்றியது. "அனுமதியெல்லாம் வேணாம். நீங்க சொன்னா நல்லா இருக்காது. நான் பேசறேன். அவனுக்காக நான் எந்திரிச்சுப் பேசறேன். ஓமஹாவப் பத்தியே பேசறேன். நீங்க அதைத் தொடாதீங்க, மிஸ் கே. அதை எனக்கு விட்டுடுங்க."

"சத்தியமா?"

"எங்கம்மா மேல."

லொரெய்ன் அறைக்குப் போய்த் தன் உரையைத் திருத்தினார். ஓமஹாவுக்கு ஒன்றேகால் நிமிடம் ஒதுக்கியிருந்தார்: அன்றைய காற்று, இரண்டு விலா எலும்பில் விரிசலோடு ஆடியது, கடைசி இரண்டு நிமிடத்தில் அணியை அறுபது கஜம் நகர்த்தியது. எல்லாவற்றையும் அடித்தார். மிஞ்சிய நேரத்தில் எறிதல் கணக்குகளைச் சேர்த்தார்.

கூட்டம் பத்து மணிக்கு. ரோடபாவின் முறை பதினொன்று இருபதுக்கு வந்தது. லொரெய்ன் நாலு நிமிடம் இருபது வினாடி பேசினார். பதினாறு ஆண்டுகள், ஐம்பதாயிரம் கஜத்துக்குமேல், நூற்றறுபத்தொரு வெற்றி. அவர் ஓய்வுபெற்றபோது லீக்கில் அவருக்குமேல் மூவரே இருந்தார்கள். குரல் தடுமாறவில்லை. மிச்ச நாற்பது வினாடியைக் குழுத் தலைவர் அவர் கணக்கில் வைத்துக்கொண்டார். வேண்டுமானால் கடைசியில் பயன்படுத்தலாம்.

முதலில் கைதூக்கியவர் மேற்குக்கரைப் பத்திரிகையாளர் ஓஸ்டர்ஹவுட். ரோடபாவுக்கு எதிராக ஒவ்வோராண்டும் பேசுபவர். "கணக்கெல்லாம் அழகா இருக்கு. நான் கேக்குறது ஒன்னுதான். ஏழு தடவை வாசல்ல நின்னாரு. ஆறு தடவை சாவியைத் தொலைச்சாரு. ஓமஹாவுல கையில இருந்த சாவியை எதிரிகிட்டயே குடுத்தாரு. எப்பவும் அவர் கையிலதான் ஏன் தொலையுது?"

சிலர் சிரித்தார்கள். சிலர் லொரெய்னைப் பார்த்தார்கள். லொரெய்ன் தார்ப்பைப் பார்த்தார்.

தார்ப் கைதூக்கினான். எழுந்து நின்றான். அந்த அறையில் யாரும் எழுந்து பேசும் வழக்கமில்லை, வீரரை முன்வைப்பவரைத் தவிர. அதனால் எல்லோரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

"நான் இந்த அறையில இருக்கேன்னா காரணம் மெரிட் ரோடபா" என்றான். "எழுநூத்திப் பன்னெண்டு பந்து. ஒவ்வொன்னும் என் கையில வந்து உக்காந்தது. ஓமஹாவப் பத்தி ஓஸ்டர்ஹவுட் சொன்னாரு. நான் ஓமஹாவுல இருந்தேன். அந்தக் கடைசிப் பந்து போறப்போ பத்து கஜம் தள்ளி ஓடிட்டிருந்தேன். அங்க என்ன நடந்துச்சுன்னு என்னைவிடத் தெரிஞ்சவங்க யாரும் இங்க இல்ல."

நிறுத்தினான். மேசைமேல் இருந்த தண்ணீர்க் கோப்பையைக் கொஞ்சம் தள்ளிவைத்தான். லொரெய்ன் இருந்த பக்கம் பார்த்தான். பிறகு எதிர்ச்சுவரைப் பார்த்தான்.

"ஆட்டம் முடிஞ்சு அவன் மேடைக்குப் போனான். நானும் பின்னாடி நின்னு பாத்தேன். 'என் தப்பு'ன்னான். ரெண்டே வார்த்தை. காத்து மேல பழி போடல. அடிபட்ட விலாவைப் பத்தி வாய் திறக்கல. எங்க யாரு மேலயும் ஒரு விரல் நீட்டல. தப்புப் பண்றவன் நிறையப் பேரு இருக்கான். எல்லாரும் பண்றோம். பண்ணின தப்பை அப்படி நின்னு ஏத்துக்கிறவன் எத்தனை பேரு? அவனோட அந்தக் குணத்துக்கு நான் ஓட்டுப் போடறேன். அந்த எண்ணுக்கு இல்ல."

உட்கார்ந்தான். பக்கத்திலிருந்தவர் அவன் தோளைத் தட்டினார். "அருமையா சொன்னீங்க" என்று யாரோ சொன்னார்கள். ஓஸ்டர்ஹவுட் தலையசைத்தார், வாதத்தில் தோற்றவரின் தலையசைப்பாக அது இல்லை. "குணத்தை நானும் மறுக்கல. புகழ்க்கூடம் குணத்துக்கு இல்லையே. தப்பு அவரோடதுன்னு கூட ஆடினவரே சொல்லிட்டாரு. இதுக்கு மேல நான் என்ன சொல்ல?"

தார்ப் மறுக்கவில்லை. கோப்பையிலிருந்து ஒரு வாய் தண்ணீர் குடித்தான்.

"லொரெய்ன்," என்றார் தலைவர், "உங்களுக்கு நாப்பது செகண்டு இருக்கு. வேணுமா?"

ஒரே வரி போதும். அதைச் சொல்லப் பத்து வினாடி ஆகாது. பத்திரிகைக்கு வந்த முதல் வருடத்திலிருந்து அவரிடம் 'எழுதாதே' என்று சொன்னவர்கள் பலர். ஆட்டக்காரர்கள், பயிற்சியாளர்கள், ஒரு முறை அணி முதலாளியின் மனைவி. ஒன்றும் வெளியே போனதில்லை. பெண்களை வீரர்களின் அறைக்குள் விடாத காலத்தில் வாசலில் காத்திருந்த அவரிடம் அவர்கள் தாமாக வந்து பேசியது அதனால்தான். தார்ப்பிடம் சத்தியம் வாங்கியதுபோல அவன் அவரிடம் வாங்கியிருக்கவில்லை; அவர் வார்த்தையே போதும் என்று அன்று அவனுக்குத் தோன்றியிருந்தது.

சொன்னால் தார்ப் என்ன செய்வான் என்பதையும் யோசித்தார். சிரிப்பான். "மிஸ் கே, பாசத்துல பேசறீங்க" என்பான். ரோடபாவிடம் கேட்பார்கள். ரோடபா பொய் என்பார்.

"வேண்டாம்" என்றார் லொரெய்ன்.

"அடுத்தது" என்றார் தலைவர்.

மதிய இடைவேளையில் தார்ப் லிஃப்ட் அருகே அவரைப் பிடித்தான். முகம் மலர்ந்திருந்தது. "பாத்தீங்களா, மிஸ் கே? சொன்ன மாதிரியே எந்திரிச்சுப் பேசினேன். ரெண்டு பேரு கண்ணத் தொடச்சாங்க."

"நீ சொல்லல, ஆல்டன்."

"என்ன சொல்லல? நான் பேசுனதுல ஒரு வார்த்தை பொய்யக் காட்டுங்க. ஒன்னே ஒன்னு."

லிஃப்ட் வந்தது. உள்ளே நாலு பேர் இருந்தார்கள்; ஒருவர் தார்ப்பிடம் அவன் பேச்சைப் பாராட்டினார். லொரெய்ன் படியிறங்கிப் போனார்.

வாக்கெடுப்பு மூன்று மணிக்கு முடிந்தது. தேர்வானவர்களின் வீடுகளுக்குப் புகழ்க்கூடத் தலைவரே மறுநாள் நேரில் போய்க் கதவைத் தட்டுவார். தேர்வாகாதவர்களுக்கு அன்று மாலையே தொலைபேசி வரும். ரோடபாவின் வீட்டில் ஐந்தரை மணிக்கு மணியடித்தது. அவர் ஏரியிலிருந்து இன்னும் திரும்பவில்லை, இலோனாதான் எடுத்தாள்.

ஆறு மணிக்கு லொரெய்னின் கைப்பேசி ஒலித்தபோது அவர் டோலிடோ திரும்பும் வழியில் ஃபின்ட்லே அருகே பெட்ரோல் நிலையத்தில் வண்டியை நிறுத்தியிருந்தார்.

"அவன் பேசினானா?" என்றாள் இலோனா. குரல் மிகத் தாழ்ந்திருந்தது.

"பேசினான்."

"சொன்னானா?"

"இல்ல."

"நீ?"

பக்கத்து வண்டிக்காரன் கண்ணாடியில் படிந்த, பனி உருகச் சாலையில் தூவும் உப்பைத் துடைத்துக்கொண்டிருந்தான்.

"இல்ல, இலோனா."

"எதுக்கு?"

"வாக்குக் குடுத்திருந்தேன்."

"அவனுக்கு" என்றாள் இலோனா. "அவனுக்குக் குடுத்த வாக்கு. அவரும் வாய் தொறக்கமாட்டாரு, நீயும் தொறக்கமாட்ட. உங்க ரெண்டு பேரோட யோக்கியதையையும் வச்சு அவன் நல்லாப் பொழைக்கிறான், லொரெய்ன். மெரிட் வந்தா நான் சொல்லிக்கிறேன். நீ வீட்டுப் பக்கம் வராத."

மெரிட் ரோடபாவுக்கு ஐம்பதில் முப்பத்தேழு வாக்குகள் கிடைத்தன. தேவை நாற்பது. அவர் பெயர் பழைய வீரர்களின் பட்டியலுக்கு மாற்றப்பட்டது. அந்த ஞாயிற்றுக்கிழமை நடந்த இரண்டு கான்ஃபரன்ஸ் சாம்பியன் ஆட்டங்களுக்கும் ஆல்டன் தார்ப் தொலைக்காட்சி அரங்கில் உட்கார்ந்து வர்ணனை செய்தான்.